ட்விட்ச்சில் ஃபாலோ செய்த கேம்களை எங்கே தேடுவது? கம்ப்யூட்டரா, போனா, டிவியா?

நேராக விஷயத்துக்கு வருகிறேன். மற்றவர்கள் கேம் ஆடுவதை நேரலையில் (ஸ்ட்ரீம் என்பார்கள்) பார்க்கும் தளமான ட்விட்ச்சில் நீங்கள் ஃபாலோ செய்து வைத்திருக்கும் கேம்களைத் தேடிப் பிடிக்க கம்ப்யூட்டர் பிரவுசரைப் போல வசதியான இடம் வேறு இல்லை. போன் செயலி இரண்டாவது. டிவி செயலி பார்ப்பதற்கு அருமை, தேடுவதற்குச் சிரமம். ஆனால் எல்லாரும் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்து ஸ்ட்ரீம் பார்ப்பதில்லையே. ராத்திரி சாப்பாடு முடிந்து ஹாலில் டிவியிலோ, படுத்துக்கொண்டு போனிலோதான் நிறையப் பேர் பார்க்கிறோம். அதனால் "பிரவுசர்தான் பெஸ்ட்" என்று சொல்லிவிட்டுப் போனால் யாருக்கும் உதவாது. எந்தச் சாதனத்தில் என்ன கிடைக்கிறது, என்ன கிடைக்கவில்லை, கிடைக்காததற்கு என்ன வழி என்று கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன்.

முதலில் ஒரு அடிப்படை. ட்விட்ச்சில் இரண்டு விதமாக ஃபாலோ செய்யலாம். ஒன்று சேனலை, அதாவது ஒரு ஆளை. இன்னொன்று கேமை. நிறையப் பேர் முதலாவதோடு நின்றுவிடுகிறார்கள், கேமையும் ஃபாலோ செய்யலாம் என்பதே கண்ணில் படுவதில்லை. ஏதாவது ஒரு கேமின் பக்கத்துக்குப் போனால் அதன் பெயர், அட்டைப் படம், அதன் அருகில் இதயம் போட்ட ஃபாலோ பட்டன் இருக்கும். அதைத் தட்டினால் அந்த கேம் உங்கள் கணக்கில் சேர்ந்துவிடும். போனில் தட்டினாலும் டிவியில் தட்டினாலும் அது உங்கள் கணக்கில்தான் பதிகிறது, அந்தக் கருவியில் இல்லை. ஆக பட்டியல் எங்கேயும் ஒன்றுதான். அதை எந்த மூலையில், எவ்வளவு தெளிவாகக் காட்டுகிறார்கள் என்பதில்தான் வித்தியாசம் எல்லாம்.

இன்னொன்றும் தெரிந்திருக்க வேண்டும். செயலியில் "கேம்ஸ்" என்ற பெயரைத் தேடாதீர்கள், "கேட்டகரீஸ்" என்பதைத் தேடுங்கள். வெறும் அரட்டை, இசை, ஓவியம் என்று விளையாட்டல்லாத பிரிவுகளும் உள்ளே வந்துவிட்டதால் எல்லாவற்றுக்கும் சேர்த்து அதுதான் பெயர்.

சரி, ஆட்களை ஃபாலோ செய்தால் போதாதா, கேமை எதற்கு ஃபாலோ செய்ய வேண்டும்? இதற்குப் பதில் தெரிந்தால்தான் எந்தச் சாதனம் உங்களுக்குச் சரி என்று முடிவு செய்ய முடியும்.

செஸ்ஸை எடுத்துக்கொள்வோம். 2024 ஏப்ரலில் டொரண்டோவில் நடந்த கேண்டிடேட்ஸ் போட்டியின் (உலக சாம்பியனை எதிர்த்து ஆடப்போவது யார் என்று முடிவு செய்யும் போட்டி) கடைசிச் சுற்று. நம்ம சென்னைப் பையன் குகேஷ் கருப்புக் காய்களோடு ஹிகாரு நகாமுராவை எதிர்த்து ஆடி டிரா செய்தார். இன்னொரு பலகையில், குகேஷை எட்டிப் பிடிக்கும் வாய்ப்பிருந்த கருவானாவும் நெபோம்னியாச்சியும் நூறு நகர்த்தல்களைத் தாண்டியும் விடாமல் மோதி, கடைசியில் டிரா ஆக, குகேஷ் 14 சுற்றில் 9 புள்ளிகளோடு போட்டியை வென்றார். இந்த நகாமுராவே ஸ்ட்ரீமிங்கில் பெரும் பெயர் வாங்கியவர், ட்விட்ச்சில் செஸ் என்றாலே பலருக்கும் முதலில் ஞாபகம் வருவது அவர்தான். ஆனால் அன்றைக்கு அவர் பலகை முன்னால் உட்கார்ந்திருந்தார், ஆடிக்கொண்டே ஸ்ட்ரீம் செய்ய முடியாது. அவரை மட்டும் ஃபாலோ செய்தவருக்கு அந்த நேரத்தில் ஃபாலோயிங் பக்கம் வெறிச்சென்று இருக்கும். செஸ் என்ற பிரிவை ஃபாலோ செய்தவருக்கோ, அதே ஆட்டத்தை வேறு வேறு மொழிகளில், வேறு வேறு ஆட்கள் அலசுகிற சேனல்கள் எல்லாம் ஒரே பக்கத்தில் வந்து நிற்கும்.

கேம்ஸ் டன் குயிக் இன்னொரு நல்ல உதாரணம். ஜனவரியில் ஒன்று, கோடையில் ஒன்று என வருடம் இரண்டு பெரிய நிகழ்ச்சிகள், ஒவ்வொன்றும் ஒரு வாரம் போல இரவு பகலாக ஓடும், திரட்டும் பணம் தொண்டு நிறுவனங்களுக்குப் போகும். ஒரு கேமை எவ்வளவு வேகமாக முடிக்க முடியும் என்று ஒருவர் ஆடிக் காட்டுவார், முடிந்ததும் அடுத்தவர் அடுத்த கேமோடு வருவார். ஒவ்வொரு கேம் மாறும்போதும் சேனலின் பிரிவும் மாறும். அந்தச் சேனலை ஃபாலோ செய்தால் வாரம் முழுக்க "லைவ்" என்றே காட்டிக்கொண்டிருக்கும், உங்களுக்குப் பிடித்த சூப்பர் மெட்ராய்ட் எப்போது வரும் என்று அட்டவணையைப் பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும். சூப்பர் மெட்ராய்டை ஃபாலோ செய்திருந்தால், அந்த ஆட்டம் நடக்கும்போது அதன் பட்டியலில் இந்தச் சேனல் உச்சியில் ஏறி நிற்கும்.

மூன்றாவதாக, எனக்கு மிகவும் பிடித்த காரணம்: சின்ன கேம்கள். பத்துப் பதினைந்து வருடம் பழசான ஒரு கேமை எங்கேயோ ஒருவர், மூன்று பேர் பார்க்க, ஆர்வமாக ஆடிக்கொண்டிருப்பார். அவர் யாரென்று நமக்குத் தெரியாது, எந்தப் பரிந்துரையிலும் அவர் வரமாட்டார். கேம் வழியாகப் போனால் மட்டும்தான் அவரைக் கண்டுபிடிக்க முடியும். அப்படிப்பட்டவரிடம் சாட்டில் ஒரு கேள்வி கேட்டால் நின்று, பொறுமையாக, நாம் கேட்டதற்கு மேலேயே பதில் சொல்வார். ஆயிரக்கணக்கானோர் பார்க்கும் சேனலில் அது நடக்கிற காரியம் இல்லை.

ஒரு குறை உண்டு. சேனலை ஃபாலோ செய்தால் மணி அடித்துச் சொல்லும் வசதி இருக்கிறது, "இவர் லைவ் வந்துவிட்டார்" என்று. கேமை ஃபாலோ செய்தால் அப்படி ஆள் ஆளாகச் சொல்லாது, சொன்னால் போன் ஓயாமல் அலறும். ஆக நாமே போய்ப் பார்க்க வேண்டும். போய்ப் பார்ப்பது எவ்வளவு சுலபம் என்பதுதான் இந்த ஒப்பீடு முழுக்க.

கம்ப்யூட்டர் பிரவுசர்

மேலே இடது பக்கம் ஃபாலோயிங் என்று இருக்கும், அதை அழுத்தினால் வரும் பக்கத்தில் சில தாவல்கள்: மொத்தப் பார்வை, லைவ், வீடியோக்கள், கேட்டகரீஸ், சேனல்கள். அந்த கேட்டகரீஸ் தாவல்தான் நமக்கு வேண்டியது. ஃபாலோ செய்த கேம்கள் அட்டைப் படங்களோடு, பழைய சிடி கடை அலமாரி மாதிரி வரிசையாக நிற்கும், ஒவ்வொன்றுக்கும் கீழே இப்போது எத்தனை பேர் பார்க்கிறார்கள் என்ற எண்ணிக்கை. முப்பது நாற்பது கேம் ஃபாலோ செய்திருந்தாலும் ஒரு தடவை கீழே உருட்டினால் மொத்தமும் கண்ணில் பட்டுவிடும். இந்த ஒரே பார்வையில் எல்லாம் தெரிவது மற்ற சாதனங்களில் கிடைப்பதில்லை, பிரவுசருக்கு முதலிடம் கொடுத்ததற்கு முக்கியக் காரணமே இதுதான்.

இடது பக்கப் பட்டையைப் பார்த்து ஏமாறக்கூடாது. அங்கே தெரிவது ஃபாலோ செய்த சேனல்கள். பெயருக்குக் கீழே அவர் ஆடும் கேமின் பெயரும் இருக்கும் என்பதால், நம் கேம்கள் எல்லாம் அங்கேயே இருப்பது போல ஒரு தோற்றம் வரும். அது வேறு பட்டியல்.

ஒரு கேமுக்குள் நுழைந்ததும் இன்னும் இரண்டு நல்ல விஷயங்கள். ஒன்று, வரிசைப்படுத்துவது. சாதாரணமாக உங்களுக்குப் பரிந்துரைக்கும் வரிசையில் வரும். அதைப் பார்வையாளர் அதிகத்திலிருந்து குறைவு, குறைவிலிருந்து அதிகம், இப்போதுதான் ஆரம்பித்தவை என்று மாற்றிக்கொள்ளலாம். சின்ன ஸ்ட்ரீமர்களைத் தேடுபவர்கள் "குறைவிலிருந்து அதிகம்" போட்டுப் பாருங்கள், வேறொரு ட்விட்ச்சே தெரியும். ஆனால் பெரிய கேம்களில் இதைச் செய்தால் யாருமே பார்க்காத சேனல்கள் நூற்றுக்கணக்கில் வந்து குவியும், அங்கே "இப்போதுதான் ஆரம்பித்தவை" நல்ல வழி, ஸ்ட்ரீமர் களைத்துப் போவதற்கு முன்பே போய்ச் சேரலாம். இரண்டாவது, மொழியாலும் டேகாலும் (ஸ்ட்ரீமுக்கு ஒட்டிவைக்கும் சின்ன அடையாளச் சொல்) வடிகட்டுவது. 2023-இல் இருந்து ஸ்ட்ரீமர்கள் தங்கள் டேக்குகளைத் தாங்களே எழுதிக்கொள்ளலாம், பத்து வரை. தமிழில் பேசி ஆடுபவர்களைக் கண்டுபிடிக்க இது உதவும், ஆங்கில எழுத்தில் தமிழ் என்று டேக் போடுகிறவர்களை அந்தப் பெயரைத் தட்டியே எடுத்துவிடலாம்.

பிரவுசரின் இன்னொரு பலம், எவ்வளவு சொன்னாலும் தகும், புக்மார்க். ஒவ்வொரு கேமுக்கும் தனி முகவரி இருக்கிறது. தினமும் பார்க்கும் மூன்று நான்கு கேம்களின் பக்கங்களைப் புக்மார்க் பட்டையில் போட்டுவிட்டால் ஃபாலோயிங் பக்கத்துக்கே போக வேண்டாம். ட்விட்ச் தன் பக்க அமைப்பை எப்படி மாற்றினாலும், எந்தத் தாவலை எங்கே நகர்த்தினாலும், உங்கள் புக்மார்க் நேராகக் கொண்டுபோய் விடும்.

கம்ப்யூட்டருக்கென்று ட்விட்ச் தனிச் செயலி வைத்திருந்தது, 2022 ஏப்ரல் 30 அன்று அதை நிறுத்திவிட்டார்கள். இப்போது எங்கேயாவது அந்தப் பெயரில் இறக்கிக்கொள்ளச் சொன்னால் தொடாதீர்கள். பிரவுசர் போதும்.

போன் செயலி

போனில் நிலைமை கலவையானது. 2024-இல் செயலியின் தோற்றத்தையே மாற்றினார்கள். முன்பெல்லாம் கீழே இருக்கும் ஃபாலோயிங் பட்டனைத் தட்டினால் நேராக உங்கள் பட்டியல். புதிய அமைப்பில் செயலி திறந்ததும் ஒவ்வொன்றாகத் தள்ளித் தள்ளிப் பார்க்கும்படி ஸ்ட்ரீம்கள் முழுத்திரையில் வருகின்றன. புதியவர்களைக் கண்டுபிடிக்க இது நல்லதுதான், அதை மறுக்கவில்லை. ஆனால் "என்னுடைய கேம்கள் எங்கே" என்று கேட்டு வருபவருக்கு அது முதல் திரையில் இல்லை. ஃபாலோயிங் மேலே ஒரு தாவலாகப் போய்விட்டது. அதற்குள்ளும் லைவ் சேனல்களுக்குத்தான் அதிக இடம், ஃபாலோ செய்த பிரிவுகள் பக்கவாட்டில் தள்ளிப் பார்க்கும் சின்ன அட்டைகளாக வருகின்றன. ஒரே சமயத்தில் சில அட்டைகள்தான் தெரியும், அதனால் ஐந்தாறு கேம் வைத்திருப்பவருக்குப் பிரச்சினையே இல்லை, நாற்பது வைத்திருப்பவருக்கு விரல் வலிக்கும். செயலி அடிக்கடி புதுப்பிக்கப்படுவதால் உங்கள் போனில் இடம் கொஞ்சம் முன்னே பின்னே இருக்கலாம். தேட வேண்டியது ஃபாலோயிங் என்ற பெயரையும் அதற்குள் கேட்டகரீஸ் என்ற பெயரையும்.

அங்கே தேடிச் சலிப்பதை விட எனக்குப் பிடித்த வழி தேடல் பெட்டி. போனில் தட்டச்சு செய்வது சுலபம், கேமின் பெயரில் நான்கு எழுத்து அடித்தால் அந்தப் பிரிவு மேலே வந்துவிடும், உள்ளே போய்விடலாம். எந்த கேமைப் பார்க்க வேண்டுமென்று மனதில் ஏற்கனவே இருந்தால் இதுவே வேகமான வழி. "நான் என்னென்ன ஃபாலோ செய்திருக்கிறேன், இன்றைக்கு எதில் ஆள் இருக்கிறார்கள்" என்று மேய வேண்டுமென்றால்தான் இது உதவாது.

போனுக்கென்று இருக்கும் பெரிய நன்மை அறிவிப்புகளும், டிவிக்கு அனுப்பும் வசதியும். டிவியைப் பற்றிச் சொல்லும்போது அதற்கு வருகிறேன்.

போனிலேயே பிரவுசர்

இதைப் பலர் யோசிப்பதே இல்லை, செயலி இருக்கும்போது பிரவுசர் எதற்கு என்று. குரோமில் ட்விட்ச்சைத் திறந்து, மெனுவில் டெஸ்க்டாப் தளம் என்பதைத் தேர்ந்தெடுத்தால் கம்ப்யூட்டரில் வருகிற அதே பக்கம், அதே கேட்டகரீஸ் தாவல், அதே வரிசைப்படுத்தல் எல்லாம் வரும். எழுத்து பொடியாக இருக்கும், இரண்டு விரலால் பெரிதாக்கிப் பெரிதாக்கிப் பார்க்க வேண்டியிருக்கும். தினசரிப் பழக்கத்துக்கு நான் இதைச் சொல்லமாட்டேன். கையில் கம்ப்யூட்டர் இல்லாதவர், எப்போதாவது முழுப் பட்டியலையும் பார்த்து வேண்டாததை நீக்க வேண்டுமென்றால் இது கைகொடுக்கும். டேப்லெட் இருந்தால் இன்னும் நல்லது, திரை பெரிதாக இருப்பதால் பெரிதாக்கும் தொல்லை பெருமளவு போய்விடும்.

இதை விட உபயோகமான ஒன்று: கேமின் பக்கத்தைத் திறந்து, மெனுவில் முகப்புத் திரையில் சேர் என்பதைத் தட்டினால், அந்த கேமுக்கே ஒரு ஐகான் உங்கள் போனின் முதல் திரையில் வந்து உட்காரும். ஆண்ட்ராய்டில் குரோமிலும், ஐபோனில் சஃபாரியின் பகிர் பட்டனிலும் இது உண்டு. ஒரு தட்டு, நேராக செஸ் பக்கம். இரண்டு மூன்று கேம் மட்டும் பார்ப்பவர்களுக்குச் செயலியின் எல்லாத் தாவல்களையும் விட இது மேல்.

டிவி

டிவியில் பார்ப்பதன் சுகமே தனி, அதில் எனக்குச் சந்தேகமில்லை. பெரிய திரை, காலை நீட்டிக்கொண்டு, வீட்டில் இன்னும் இரண்டு பேரோடு சேர்ந்து. தேடுவதுதான் சங்கடம். டிவி செயலிகளில் முதலில் கண்ணில் படுவது லைவ் சேனல்கள். பிரிவுகள் இருந்தாலும் கீழே இறங்கி, பக்கவாட்டில் நகர்ந்து, ரிமோட்டின் அம்புக்குறியை ஒவ்வொன்றாக அழுத்தித்தான் போக வேண்டும். எந்த டிவி, எந்தப் பெட்டி என்பதைப் பொறுத்து அமைப்பும் மாறும். ஆண்ட்ராய்டு டிவியில் ஒரு மாதிரி, ஆப்பிள் டிவியில் ஒரு மாதிரி, பிளேஸ்டேஷனில் இன்னொரு மாதிரி. பழைய டிவிகளில் செயலி புதுப்பிக்கப்படாமல் கிடந்தால் அது வேறு கதை. பிரவுஸ் பக்கத்துக்குப் போனால் அதிகம் பேர் பார்க்கும் பிரிவுகள்தான் முன்னே நிற்கும், நீங்கள் ஃபாலோ செய்த சின்ன கேம் எங்கேயோ ஆழத்தில் இருக்கும். தேடல் பெட்டியில் ரிமோட்டால் ஒவ்வொரு எழுத்தாகத் தேர்ந்தெடுத்துப் பெரிய பெயர் ஒன்றை அடித்து முடிப்பதற்குள் பார்க்கும் ஆசையே போய்விடும்.

டிவியில் இன்னொரு குழப்பம் கணக்கு. டிவி செயலியில் உள்ளே நுழைய, திரையில் ஒரு குறியீடு காட்டும், அதை போனிலோ கம்ப்யூட்டரிலோ ட்விட்ச் தளத்தில் அடிக்க வேண்டும். அந்த நேரத்தில் யாருடைய போன் கையில் இருக்கிறதோ அவருடைய கணக்கு டிவியில் ஏறிவிடும். அண்ணன் கணக்கில் நுழைந்த டிவியில் தம்பியின் கேம்கள் எப்படித் தெரியும்? "ஃபாலோ செய்ததெல்லாம் காணாமல் போய்விட்டது" என்று தோன்றும்போது முதலில் பார்க்க வேண்டியது இதைத்தான்: ஓரத்தில் இருக்கும் படமும் பெயரும் உங்களுடையதுதானா?

டிவிக்கு இரண்டு வழிகள் நடைமுறையில் நன்றாக வேலை செய்யும். முதலாவது, போனில் தேடிக் கண்டுபிடித்து டிவிக்கு அனுப்பிவிடுவது. குரோம்காஸ்ட் இருக்கும் டிவி என்றால் ஸ்ட்ரீம் ஓடும்போது அதற்கான குறியைத் தட்டினால் போதும், ஐபோனும் ஆப்பிள் டிவியும் வைத்திருப்பவர்களுக்கு ஏர்பிளே. தேடுவது போனில், பார்ப்பது டிவியில், சாட் மறுபடி போனில். மூன்றும் அதனதன் இடத்தில் இருக்கும்.

இரண்டாவது வழிக்குக் கொஞ்சம் பொறுமை வேண்டும், ஆனால் நீண்ட நாள் பலன் தரும். டிவி செயலி சேனல்களுக்குத்தான் முன்னுரிமை தருகிறது என்றால் அந்தப் பட்டியலுக்கு நாமே தீனி போட்டுவிடலாம். கம்ப்யூட்டரில் உட்கார்ந்து உங்கள் கேம் ஒவ்வொன்றின் பக்கத்துக்கும் போய், அந்த கேமையே பெரும்பாலும் ஆடுகிற, உங்களுக்கு ஒத்துவருகிற இரண்டு மூன்று சேனல்களை ஃபாலோ செய்துவிடுங்கள். அடுத்த முறை டிவியைத் திறக்கும்போது அவர்களில் யாராவது லைவில் இருந்தால் முதல் திரையிலேயே வருவார்கள், பெயருக்குக் கீழே கேமின் பெயரும் தெரியும். கேம் வழியாகத் தேட வேண்டிய தேவையே பாதி குறைந்துவிடும். இதில் அபாயம் ஒன்று, கண்டவர்களையெல்லாம் ஃபாலோ செய்தால் சேனல் பட்டியல் வீங்கி, அதற்குள் தேடுவது புது வேலையாகிவிடும். எல்லா கேமும் ஆடுகிறவரை இந்தக் காரணத்துக்காக ஃபாலோ செய்ய வேண்டாம், ஒரே கேமில் ஊறியவர்களை மட்டும் செய்யுங்கள்.

கேம் கன்சோல்களுக்கும் டிவிக்குச் சொன்னதே பொருந்தும், கண்ட்ரோலரில் எழுத்து அடிப்பது ரிமோட்டை விடக் கொஞ்சம் வேகம், அவ்வளவுதான். நின்டெண்டோ சுவிட்சில் ட்விட்ச் செயலி இருந்தது, 2024 ஜனவரியோடு வேலை செய்வதை நிறுத்திவிட்டது, அதனால் சுவிட்ச் மட்டும் வைத்திருப்பவர்கள் போனுக்கு வந்துதான் ஆக வேண்டும்.

மூன்றாம் ஆள் செயலிகள்

ஆண்ட்ராய்டுக்கும் கம்ப்யூட்டருக்கும் ட்விட்ச் பார்ப்பதற்கென்றே மற்றவர்கள் எழுதிய திறந்த மூலச் செயலிகள் உண்டு. இலகுவாக ஓடும், பழைய போனுக்கு ஏற்றது, அமைப்பும் சுத்தமாக இருக்கும். இவற்றை எடுத்துக்கொள்ளலாமா? ஃபாலோ செய்த கேம்களுக்காக என்றால் வேண்டாம் என்பேன், காரணம் அந்தச் செயலிகளின் தரம் இல்லை. வெளியார் செயலிகள் ட்விட்ச்சிடம் தகவல் கேட்பதற்கென்று ஒரு அதிகாரபூர்வ வாசல் இருக்கிறது. கிராக்கன் என்ற பழைய வாசலை 2022 பிப்ரவரி 28 அன்று மூடினார்கள், இப்போது இருப்பது ஹீலிக்ஸ். ஹீலிக்ஸிடம் "இவர் ஃபாலோ செய்யும் சேனல்கள் எவை, அதில் யார் லைவ்" என்று கேட்கலாம், பதில் வரும். "இவர் ஃபாலோ செய்யும் கேம்கள் எவை" என்று கேட்பதற்கு அங்கே இடமே இல்லை. அதனால் இந்தச் செயலிகளில் சேனல்கள் ஒழுங்காக வந்துவிடும், கேம்கள் வராது. சில செயலிகள் இதற்கு மாற்றாக, அந்தக் கருவிக்குள்ளேயே தனியாக ஒரு கேம் பட்டியல் வைத்துக்கொள்ள விடுகின்றன. ஒரே கருவியில் மட்டும் பார்ப்பவருக்கு அது போதும். ஆனால் நம் கேள்வியே பல சாதனங்களில் ஒரே பட்டியல் என்பதுதானே, அதற்கு இது ஒத்துவராது. பயன்படுத்துவதாக இருந்தால் ஒன்றே ஒன்று: கடவுச்சொல்லை ட்விட்ச்சின் சொந்தப் பக்கத்தில் மட்டும் அடியுங்கள், செயலியின் பெட்டிக்குள் அடிக்கச் சொன்னால் மூடிவிடுங்கள்.

யூடியூபையும் ஒரு வார்த்தை சொல்லிவிட வேண்டும், ஏனென்றால் இந்தியாவில் செஸ் வர்ணனைக்கு செஸ்பேஸ் இந்தியா போன்றவர்களை அங்கேதான் பலரும் பார்க்கிறோம். யூடியூப் கேமிங் என்று 2015-இல் தனிச் செயலி வந்தது, 2019-இல் மூடப்பட்டது. இப்போதைய யூடியூபில் நடைமுறையில் சேனல்களை சப்ஸ்கிரைப் செய்வதுதான் வழி. ஆட்களை நம்பிப் பார்ப்பவர்களுக்கு அது போதும், கேமை நம்பிப் பார்ப்பவர்களுக்கு ட்விட்ச்சின் பிரிவுப் பக்கங்கள்தான் வசதி.

அப்போது யாருக்கு எது?

பத்துக்கும் குறைவான கேம்களை ஃபாலோ செய்கிறீர்கள், பெரும்பாலும் போனில் பார்க்கிறீர்கள் என்றால் செயலியே போதும், கூடவே அதிகம் பார்க்கும் ஒன்றிரண்டு கேம்களை முகப்புத் திரையில் ஐகானாக வைத்துக்கொள்ளுங்கள். நிறைய கேம்களை ஃபாலோ செய்து, இன்றைக்கு எதில் யார் ஆடுகிறார்கள் என்று மேய்வதுதான் உங்களுக்கு மகிழ்ச்சி என்றால் கம்ப்யூட்டர் பிரவுசரை விட்டு நகராதீர்கள். டிவிதான் எல்லாமே என்பவர்கள், தேடுவதை போனுக்குத் தள்ளிவிட்டு டிவிக்கு அனுப்பிப் பாருங்கள், அனுப்பும் வசதி இல்லாத டிவி என்றால் சேனல்களைத் தேர்ந்தெடுத்து ஃபாலோ செய்யும் அந்த இரண்டாவது வழி. தேடுகிற கருவியும் பார்க்கிற கருவியும் ஒன்றாகத்தான் இருக்க வேண்டும் என்று பிடிவாதம் பிடிப்பதால்தான் பாதி எரிச்சல் வருகிறது.

எந்த வழியை எடுத்தாலும் பட்டியலை அவ்வப்போது சுத்தம் செய்தால்தான் அது வேலைக்கு ஆகும். வருடா வருடம் புதிதாக வரும் கேம்களில் இது ரொம்ப முக்கியம். ஃபிஃபா 23-ஐ ஃபாலோ செய்தவருக்கு, 2023 செப்டம்பரில் இஏ ஸ்போர்ட்ஸ் எஃப்சி 24 என்று பெயர் மாறி வந்த அடுத்த கேம் தானாகச் சேராது. அது தனிப் பிரிவு, ஆட்கள் அங்கே குடிபோய்விடுவார்கள், உங்கள் பட்டியலில் பழையது ஆளில்லாமல் கிடக்கும். ரீமேக்குகளும் அப்படித்தான். ரெசிடென்ட் ஈவில் 4 என்று தேடினால் 2005-இல் வந்ததும் 2023-இல் வந்ததும் ஒரே பெயரில் தனித்தனியாக நிற்கும். அட்டைப் படத்தைப் பார்த்துத்தான் பிரித்தறிய வேண்டும், இரண்டும் பிடிக்குமென்றால் இரண்டையும் ஃபாலோ செய்யுங்கள். இந்த வேலையைப் பிரவுசரில் செய்யுங்கள், அட்டைகள் அங்கேதான் தெளிவாகத் தெரியும்.

எவ்வளவு தேடியும் உங்கள் கேம் எந்தச் சாதனத்திலும் வரவில்லை என்றால் அது பட்டியலிலேயே இல்லாமலும் இருக்கலாம், ஒரு சின்னக் குழு உருவாக்கிய கேம் என்றால் முக்கியமாக. ட்விட்ச்சின் கேம் பட்டியல் ஐஜிடிபி என்ற தரவுத்தளத்திலிருந்து வருகிறது, 2019-இல் அதை ட்விட்ச்சே வாங்கிவிட்டது. யார் வேண்டுமானாலும் அங்கே இலவசமாகக் கணக்குத் தொடங்கி, விடுபட்ட கேமைச் சேர்க்கச் சொல்லி விவரங்களை அனுப்பலாம். அவர்கள் சரிபார்த்து ஏற்றுக்கொண்ட பிறகு அது ட்விட்ச்சிலும் ஒரு பிரிவாக வரும், அப்புறம் இதயத்தைத் தட்டிவிட்டால் போன், டிவி, கம்ப்யூட்டர் எல்லாவற்றிலும் உங்கள் கணக்கோடு சேர்ந்துவிடும்.